நாலால் வகுபடும் நாடி

எங்கள் வார்டில் அவளுக்குப் பெயர் முழு நிமிஷம். வைத்தது நானல்ல, ஆயா. தரை துடைத்துக்கொண்டே யாருக்கு எந்தப் பெயர் பொருந்தும் என்று பார்ப்பதுதான் ஆயாவுக்குப் பாதி வேலை. எனக்கும் ஒன்று வைத்திருந்தாள்: கால் நிமிஷம். மத்தியான ஷிஃப்டுக்கு நாங்கள் இருவரும் சேர்ந்து படியேறினால், "முழுசும் காலும் வந்தாச்சு. ஒண்ணேகால் நிமிஷம் நிம்மதியா உக்காரலாம்" என்பாள். அப்போது நானும் சிரித்தேன். இப்போது சிரிப்பதில்லை.

பெண்கள் பொது வார்டில் முப்பத்தாறு கட்டில். ஒரு ஷிஃப்டுக்கு நர்ஸ் இரண்டு பேர். நாலு மணி நேரத்துக்கு ஒரு தடவை எல்லாருக்கும் காய்ச்சல், மூச்சு, நாடி மூன்றும் பார்த்துக் கால்மாட்டில் தொங்கும் அட்டையில் எழுத வேண்டும். நாடியை ஒரு முழு நிமிஷம் எண்ண வேண்டும் என்று புத்தகத்தில் போட்டிருக்கிறது. புத்தகம் எழுதியவன் வந்து ஒரு நாள் எண்ணிப் பார்க்கட்டும். ஆளுக்குப் பதினெட்டுக் கட்டில் என்றால் நாடிக்கு மட்டுமே பதினெட்டு நிமிஷம். நடுவில் ஊசி, நடுவில் குளுக்கோஸ் பாட்டில், நடுவில் "சிஸ்டர், இங்க கொஞ்சம் வாங்களேன்". நாங்கள் பதினைந்து செகண்டு எண்ணி நாலால் பெருக்குவோம். பதினெட்டு துடித்தால் எழுபத்திரண்டு. பத்தொன்பது என்றால் எழுபத்தாறு. இருபது என்றால் எண்பது. வார்டில் பாதிப் பேர் இந்த மூன்று எண்ணிலேயே வந்து போனார்கள். அவசரத்தில் கையைத் தொடாமலே எழுபத்தாறு என்று எழுதியதும் உண்டு. சொல்ல உட்கார்ந்துவிட்டேன், இனி அரைகுறையாக எதற்கு.

அவள் ஒருத்திதான் எண்ணினாள். இருபத்திரண்டு வருஷம் எண்ணினாள். மெலிந்த உயரம், இறுக மூடிய வாய், நெஞ்சில் குத்திய சின்னக் கடிகாரம். கட்டிலருகே குனிந்து மணிக்கட்டில் மூன்று விரலை வைத்தால் செகண்டு முள் ஒரு சுற்று முடிகிற வரைக்கும் நிமிரமாட்டாள். பக்கத்துக் கட்டில் கத்தினாலும் சரி, மேட்ரன் வந்து நின்றாலும் சரி. பிடித்த முயலுக்கு மூன்றே கால். அவள் அட்டையைத் தூரத்திலிருந்தே அடையாளம் சொல்லலாம்: எழுபத்து மூன்று, எண்பத்தொன்று, அறுபத்தேழு. பாதிக்குப் பாதி ஒற்றைப்படையாக இருக்கும். எங்கள் அட்டையில் ஒற்றைப்படை என்பதே கிடையாது.

எண்ணோடு விட்டாளா என்றால் அதுவும் இல்லை. அட்டையின் கடைசியில் 'குறிப்பு' என்று விரல் அகலத்துக்கு ஒரு கட்டம் உண்டு. நாங்கள் அதை வெறுமையாக விடுவோம். அவள் எழுதுவாள். "நல்ல கனம்." "மேலோட்டமாக ஓடுகிறது, அழுத்தினால் காணாமல் போகிறது." "முரண்டு பிடிக்கிறது." "தடுக்கி விழுந்து எழுந்து ஓடுகிறது." ஒரு கிழவியின் அட்டையில் "போகலாமா என்று கேட்கிறது" என்று எழுதி வைத்திருந்தாள். கிழவி மறுநாள் காலையில் போய்விட்டாள்.

இந்தச் சொல்லெல்லாம் அவளுக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், அக்காவிடமிருந்து. அவளுக்கு அம்மா சின்ன வயதிலேயே இல்லை. அப்பா இருந்தார், வேறு வீட்டில் இருந்தார். ஒன்பது வயது மூத்த அக்கா பதினேழு வயதில் தையல் மிஷினில் உட்கார்ந்தவள். மாடியில் ஒரே அறை. ஜன்னலோரம் மிஷின், மிஷினுக்குக் கீழே இவள் படுக்கை. மிதிகட்டை ஓடுகிற சத்தத்தில்தான் இவள் தூங்கினாள், அந்தச் சத்தத்தில்தான் படித்தாள். அக்காவுக்குக் கல்யாணப் பேச்சு வந்தபோதெல்லாம் "இவ படிப்பு முடியட்டும்" என்று அக்கா தள்ளிவிட்டாள். படிப்பு முடிந்தபோது பேச்சு வருவது நின்றிருந்தது. முதல் நாள் போட்ட யூனிபாரமும் அக்கா தைத்தது, நெஞ்சில் குத்திய கடிகாரமும் அக்கா வாங்கித் தந்தது. அக்கா ஒற்றையாக இருக்கும்போது நான் எப்படி என்று இவளும் கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை.

மிஷின் சத்தத்திலேயே வளர்ந்தவளுக்கு நாடி வேறெப்படிக் கேட்கும்? பயிற்சிக் காலத்தில் புத்தகத்தில் 'நூல் போன்ற நாடி' என்று ஒன்று வரும். மெலிந்து போன நாடிக்கு அந்தப் பெயர். பாடம் நடத்திய டீச்சரிடம் எழுந்து நின்று, "எந்த நூல் டீச்சர்? நாப்பதாம் நம்பரா, அறுபதாம் நம்பரா?" என்று கேட்டாள். வகுப்பே சிரித்தது. அவள் சிரிக்கவில்லை. அவளுக்கு உண்மையாகவே தெரிந்தாக வேண்டியிருந்தது.

ஒரு தடவை ஏழாம் நம்பர் கட்டிலில் ஒரு சமையல்காரம்மா. மயக்கம் என்று வந்தாள். நாங்கள் எல்லாரும் எழுபத்தாறு போட்டோம். இவள் "தையல் விட்டுவிட்டு விழுகிறது" என்று எழுதினாள். அப்போதிருந்த வயசான டாக்டர் படித்துவிட்டு வாய்விட்டுச் சிரித்தார். சிரித்துக்கொண்டே கையைப் பிடித்தவர் ஒரு நிமிஷம் கழித்துச் சிரிப்பை நிறுத்தினார். அன்றைக்கே ஹார்ட் ஆஸ்பத்திரிக்கு அனுப்பி, நெஞ்சுத் தோலுக்கடியில் ஒரு சின்ன மிஷினை வைத்துத் தைத்து அனுப்பினார்கள். அந்தம்மா இன்னமும் கரண்டி பிடிக்கிறாள். அவளுக்கு இருந்த வியாதி இதுதான்: நடுநடுவே இதயம் ஒரு துடிப்பை விட்டுவிடும். மற்ற நேரமெல்லாம் ஒழுங்காக ஓடும். பதினைந்து செகண்டில் அது அகப்படாது. முழு நிமிஷம் பிடித்தாலும் இரண்டு தடவை மூன்று தடவை பிடித்தால்தான் அகப்படும். எனக்கு அன்றைக்கே இது தெரியும். தெரியாமல் செய்தேன் என்று சொல்லிக்கொள்ள எனக்கு வழியில்லை.

அவள்மேல் எனக்கு மரியாதை இருந்தது. கோபம் அதைவிட அதிகமாக இருந்தது. ஒரே ஷிஃப்டில், ஒரே சம்பளத்தில், ஒருத்தி மட்டும் உத்தமி என்றால் மற்றவள் யார்? ஒரு நாள் பயிற்சிக்கு வந்த பெண்கள் ஐந்தாறு பேரை வைத்துக்கொண்டு என் பக்கத்து அட்டைகளைப் புரட்டிக் காட்டினாள். "இங்க பாருங்க. இவ கட்டில்ல இருக்கறவங்க எல்லாரும் நாலு நாலாத்தான் துடிப்பாங்க. ஒழுக்கமான ஜனங்க." பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அவள் வேடிக்கைக்குத்தான் சொன்னாள். ஷிஃப்ட் முடிந்ததும் வழக்கம்போல என்னோடு தேநீர் குடித்தாள். எனக்குத்தான் அது முள்ளாகத் தைத்து உள்ளேயே இருந்துவிட்டது.

பிறகு வயசான டாக்டர் ஓய்வு பெற்றார். புது டாக்டர் வந்தார். இளம் வயது, வெள்ளைக் கோட்டு மடிப்புக் கலையாமல் இருக்கும், கெட்டவரில்லை. வந்த மாதமே மேட்ரனைக் கூப்பிட்டு அட்டையை நீட்டினார். "இது என்ன மேடம், 'முரண்டு பிடிக்கிறது'? நாடியா, மாடா?" மேட்ரன் அவளுக்கு மெமோ கொடுத்தார். அட்டையும் புதிதாக அச்சாகி வந்தது. குறிப்புக் கட்டம் போய்விட்டது. அதற்குப் பதில் ஐந்து சொல், டிக் போட ஐந்து சின்னக் கட்டம்: சீரானது, சீரற்றது, வேகம், மந்தம், பலவீனம்.

அவள் அட்டையை ரொம்ப நேரம் பார்த்தாள். "அஞ்சுதானா?" என்றாள்.

"ஏன்டி, உனக்கு எத்தனை வேணும்?" என்றேன்.

"படிக்காத ஜனங்களே நாடிக்கு எத்தனை சொல்றாங்க. விழுந்துடுச்சுங்கறாங்க, ஒடுங்கிடுச்சுங்கறாங்க, தளர்ந்துடுச்சு, அடங்கிடுச்சு, படபடங்குது, திக்குதிக்குங்குது. ஒண்ணொண்ணும் ஒரு வியாதி. நாம படிச்சவங்க, நமக்கு அஞ்சு."

"அஞ்சுல நாலு எனக்குத் தேவையே படாது" என்றேன். விளையாட்டுக்குச் சொன்னேன், ஆனால் உண்மை அதுதான். நான் 'சீரானது' கட்டத்தைத் தவிர வேறெதிலும் டிக் போட்டதாக நினைவில்லை.

அவள் மெமோவுக்குப் பதில் எழுதவில்லை. புது அட்டையின் பின்பக்கம் வெறுமையாக இருந்தது. அதில் பென்சிலால் எழுத ஆரம்பித்தாள். யாரும் திருப்பிப் பார்க்கவில்லை.

இப்படியிருக்கும்போதுதான் அக்கா வந்து படுத்தாள்.

மிஷினில் உட்கார்ந்திருந்தவளுக்குக் கண்ணைக் கட்டிக்கொண்டு வந்திருக்கிறது. இரண்டு தடவை. மூன்றாம் தடவை நாற்காலியிலிருந்து சரிந்தாள். இவள் கையோடு கூட்டிவந்து வார்டில் சேர்த்தாள். சொந்தக்காரர்களுக்கு நாமே அட்டை எழுதக் கூடாது என்று ஆஸ்பத்திரியில் ஒரு சட்டம் உண்டு, நல்ல சட்டம்தான். அதனால் அக்காவுக்கு என் பக்கத்தில் இருபத்து மூன்றாம் கட்டில் கொடுத்தார்கள்.

"நீ பாத்துக்கடி" என்றாள் என்னிடம். இருபத்திரண்டு வருஷத்தில் அவள் என்னிடம் கேட்டது அது ஒன்றுதான்.

"உங்கக்கா எனக்கும் அக்காதானே" என்றேன். வாய் இனிக்கத்தான் சொன்னேன்.

அக்கா குள்ளம், பருமன், இவளுக்கு நேர்மாறு. வந்த அரை மணி நேரத்தில் பக்கத்துக் கட்டில்காரிக்குப் பொத்தான் தைத்துக் கொடுத்தாள். ஆயாவோடு சேர்ந்து எல்லாரையும் கேலி செய்தாள். தங்கை ஓய்வு கிடைத்தபோதெல்லாம் வந்து மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். "ரோடு தாண்டும்போது பிடிச்ச கை, இன்னும் விடமாட்டேங்குறா" என்று என்னைப் பார்த்துக் கண்ணடிப்பாள் அக்கா.

என் கையில் அவள் நாடி எப்படியிருந்தது என்று கேட்டால் எனக்குத் தெரியாது. அதுதான் உண்மை. முதல் நாள் பதினைந்து செகண்டு எண்ணினேன், பதினெட்டு வந்தது, எழுபத்திரண்டு போட்டேன். இரண்டாம் நாள் ஒரு வேளை எண்ணினேன். ஒரு வேளை பேச்சு வாக்கில் எழுதிவிட்டேன். மூன்றாம் நாள் மத்தியானம் அந்தப் பக்கம் போகவே இல்லை, மேஜையில் உட்கார்ந்தபடி எழுபத்தாறு. மற்ற இரண்டு ஷிஃப்டிலும் இதே கதைதான். ஈ.சி.ஜி. எடுத்தார்கள். அந்த நேரத்தில் இதயம் ஒழுங்காக ஓடியிருக்கிறது. தாளிலும் ஒன்றுமில்லை.

மூன்றாம் நாள் சாயங்காலம் டாக்டர் சுற்றி வந்தார். அக்காவின் கட்டிலுக்கு வந்ததும் இவள் தன் பக்கத்திலிருந்து வந்து நின்றாள்.

"சார், எங்கக்காவுக்கு நடுவுல நடுவுல ஒண்ணு காணோம். மூணு நிமிஷத்துக்கு ஒரு தடவை, நாலு நிமிஷத்துக்கு ஒரு தடவை நிக்குது. நின்னுட்டுத்தான் போகுது. ஹார்ட் ஆஸ்பத்திரிக்கு எழுதிக் குடுங்க சார்."

டாக்டர் அக்காவின் கையைப் பிடித்தார். பத்து செகண்டு இருக்கும். அட்டையை எடுத்தார். "ஈ.சி.ஜி. நல்லாருக்கு. மூணு நாளா எல்லா வேளையும் சீரானதுன்னு டிக் போட்டிருக்காங்க. நீங்க கூடப் பிறந்தவங்க, பயம் இருக்கத்தான் செய்யும்."

"அந்த நம்பரை எல்லாம் நாலால வகுத்துப் பாருங்க சார்."

டாக்டர் அவளைப் பார்த்தார். பிறகு அட்டையைப் பார்த்தார். எழுபத்திரண்டு, எழுபத்தாறு, எழுபத்திரண்டு, அறுபத்தெட்டு, எழுபத்தாறு. உதடு அசைந்து அசைந்து நின்றது. முட்டாளில்லை அவர். புரிந்துவிட்டது. என் பக்கம் திரும்பினார்.

"சிஸ்டர், மத்த ஷிஃப்ட் கிடக்கட்டும். நீங்க முழு நிமிஷம் எண்ணினீங்களா? எண்ணியும் எங்கேயும் நிக்கலைன்னா இன்னைக்கே வீட்டுக்கு அனுப்பிடலாம். எண்ணலைன்னா சொல்லுங்க, ஒண்ணும் தப்பில்ல. இன்னும் ரெண்டு நாள் வச்சு எண்ணிப் பாத்துட்டு ஹார்ட் ஆஸ்பத்திரிக்கு எழுதித் தர்றேன்."

எவ்வளவு தெளிவாகக் கேட்டார். தப்பில்லை என்று கூடச் சொன்னார். டாக்டருக்குப் பக்கத்தில் மேட்ரன் நின்றார். பின்னால் பயிற்சிப் பெண்கள் நாலு பேர், அன்றைக்குச் சிரித்த அதே பெண்கள். துடைப்பத்தைப் பிடித்துக்கொண்டு ஆயா. கட்டிலில் அக்கா, என்னைப் பார்த்துச் சிரித்தபடி. இவள் என்னைப் பார்க்கவே இல்லை, அட்டையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எண்ணினேன் சார்" என்றேன்.

வேலை போய்விடும் என்ற பயம் என்று சொன்னால் கேட்பவர்கள் நம்புவார்கள். அதில்லை. இத்தனை பேர் நடுவில் என் அட்டையைக் கிழித்துக் காட்டிவிட்டாளே என்ற ஆத்திரம். நாலு நாலாத் துடிப்பாங்க என்று சொன்னவள் இன்றைக்கும் அதையே சொல்லி ஜெயிக்கப் போகிறாளா என்ற ஆத்திரம். ஒரே ஒரு நாள் அவள் சொன்னது தப்பாகவும் நான் சொன்னது சரியாகவும் இருக்கட்டுமே என்று நினைத்தேன். அவள் அக்காவின் உயிரைப் பணயம் வைத்து நினைக்கிறோம் என்று அந்த நொடியில் எனக்குத் தோன்றவில்லை. தோன்றியிருந்தாலும் சொல்லியிருப்பேனோ என்னவோ. என்மேல் எனக்கு அவ்வளவு நம்பிக்கை இல்லை.

டாக்டர் கையெழுத்துப் போட்டார். அவள் அப்போதுதான் தலை தூக்கி என்னைப் பார்த்தாள். ஒரு தடவை. அவ்வளவுதான்.

அக்காவுக்குச் சந்தோஷம். துணியை மடித்துப் பையில் வைத்துக்கொண்டே என்னைக் கூப்பிட்டாள். "நல்லாருக்கணும்மா நீ. உன் யூனிபாரம் தோள்ல சுருங்கிக் கிடக்கு, எந்தப் படுபாவி தச்சான்? தங்கச்சிகிட்ட குடுத்தனுப்பு, பிரிச்சுத் தச்சுத் தர்றேன்."

மறுநாள் கொடுத்தனுப்பினேன். எனக்குக் கூச்சமே இல்லை. அவள் அதை வாங்கிப் பையில் வைத்துக்கொண்டு போனாள்.

அக்கா வீட்டுக்குப் போன நாலாம் நாள் ஷிஃப்டுக்கு அவள் வரவில்லை. ஆயாதான் வந்து சொன்னாள், துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு. "கால் நிமிஷம், அக்கா போய்ட்டா."

அன்றைக்கு அந்தப் பெயரைக் கேட்டபோதுதான் எனக்கு அர்த்தம் உறைத்தது. ஆயா கேலியாகச் சொல்லவில்லை. வாய்க்கு வழக்கமான பெயர், சொல்லிவிட்டாள்.

துக்கம் கேட்க நானும் போனேன். போகாமல் இருந்தால் பேச்சு வரும் என்றுதான் போனேன். மாடிப்படி குறுகல், ஒரு ஆள் இறங்கினால் மற்றவர் சுவரோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். அறையில் ஜன்னலோரம் மிஷின். ஊசிக்குக் கீழே என் யூனிபாரம். ஒரு தோள் தைத்து முடிந்திருந்தது, இன்னொரு தோளில் குண்டூசிகள். அக்கா அதன்மேல்தான் சரிந்து கிடந்தாளாம். யாரும் அதை எடுக்கவில்லை.

அவள் தரையில் சுவரோரம் உட்கார்ந்திருந்தாள். நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். "எப்படிடி ஆச்சு?" என்றேன். கேட்கிற கேள்வியைப் பாருங்கள்.

அவள் குரல் வார்டில் பேசுகிற அதே குரல். "வீட்டுக்கு வந்ததுலேர்ந்து எண்ணினேன். மொத நாள் நாலு நிமிஷத்துக்கு ஒண்ணு காணோம். ரெண்டாம் நாள் ரெண்டு நிமிஷத்துக்கு ஒண்ணு. வா, நேரா ஹார்ட் ஆஸ்பத்திரிக்கே போவோம்னேன். வரமாட்டேன்னுட்டா."

"ஏன்?"

"உன் தோழி முழு நிமிஷம் எண்ணிப் பாத்துட்டு ஒண்ணுமில்லைன்னுட்டாளே, அப்புறம் என்னடின்னா."

நான் மிஷினில் கிடந்த யூனிபாரத்தைப் பார்த்தேன்.

"உன்னை ரொம்ப நம்பினா" என்றாள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். செருப்பால் அடித்திருந்தால் வாங்கிக்கொண்டு நிம்மதியாக வீட்டுக்குப் போயிருப்பேன். அவள் எழுந்து போய் குண்டூசிகளை ஒவ்வொன்றாக எடுத்து டப்பாவில் போட்டு, நூலை வெட்டி, யூனிபாரத்தை மடித்து என் கையில் கொடுத்தாள். கீழே வந்து தெருவில் நின்று அழுதேன். அந்த அழுகையால் யாருக்கு என்ன லாபம். பழி ஓரிடம், பாவம் ஓரிடம் என்பார்கள். இங்கே இரண்டும் ஒரே இடத்தில்தான். ஆனால் யாரும் என்னை ஒன்றும் கேட்கவில்லை. அட்டை சுத்தமாக இருந்தது.

பத்து நாள் கழித்து அவள் வேலைக்கு வந்தாள். வந்த அன்று சாயங்காலம் அவள் பக்கத்து அட்டைகளைப் பார்த்தேன். எழுபத்தாறு. எண்பது. எழுபத்திரண்டு. எண்பத்துநாலு. எல்லாம் சீரானது. பின்பக்கம் திருப்பினேன். வெறுமையாக இருந்தது.

முதலில் மனசு சரியில்லை, போகப் போகத் திரும்பிவிடுவாள் என்று நினைத்தேன். ஒரு மாதம் ஆயிற்று, ஆறு மாதம் ஆயிற்று. பதினெட்டுக் கட்டிலையும் ஐந்து நிமிஷத்தில் முடித்துவிட்டு மேஜையில் வந்து உட்கார்ந்துவிடுவாள். டாக்டருக்கு ஒரே மகிழ்ச்சி. மேட்ரன் வருஷக் கூட்டத்தில் அவளை எழுந்து நிற்கச் சொல்லி, "இப்பத்தான் இவங்க வேலை ஒழுங்கா இருக்கு" என்றார். எல்லாரும் கை தட்டினார்கள். நானும் தட்டினேன். தட்டாமல் இருந்தால் ஏன் என்று கேட்பார்களே.

ஒரு நாள் பொறுக்காமல் கேட்டேன். "ஏன்டி இப்படிப் பண்றே?"

"எப்படி?"

"எண்ண மாட்டேங்கறே."

"எண்ணி?" என்றாள். கோபமில்லை, அழுகையில்லை. உனக்குத் தெரிந்தால் பதில் சொல் என்பதுபோல ஒரு கேள்வி.

நான் எண்ண ஆரம்பித்தேன். ஆமாம், நான்தான். என் பதினெட்டுக் கட்டிலையும் முழு நிமிஷம். எழுபத்து மூன்று, எண்பத்தொன்று. ஆயா பார்த்துவிட்டு, "என்ன, முழுசு காலாச்சு, காலு முழுசாச்சு" என்றாள். பயிற்சிப் பெண்கள் முதுகுக்குப் பின்னால் சிரித்தார்கள். கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

எண்ண எண்ண விரலுக்குப் பழகிவிட்டது. பழகியபின் ஒரு நாள் தற்செயலாக என் கையையே பிடித்துப் பார்த்தேன். எண்பத்து மூன்று. நடுவில் ஒன்று காணோம். திரும்ப எண்ணினேன், சரியாகத்தான் இருந்தது. மறுநாள் எண்ணினேன், மறுபடி ஒன்று காணோம். படியேறும்போது நெஞ்சுக்குள் என்னவோ தடுக்கி விழுந்து எழுந்து ஓடியது. அவள் எழுதிய சொல்தான். அதைவிடச் சரியாக எனக்கும் சொல்லத் தெரியவில்லை.

ஆஸ்பத்திரியில் வருஷத்துக்கு ஒரு தடவை எங்களுக்கும் உடம்பு பார்ப்பார்கள். கீழ்த்தளத்தில் மேஜை போட்டு, எடை, உயரம், ரத்த அழுத்தம், நாடி என்று வரிசையாக. நாடி மேஜையில் அந்த வருஷம் அவள். வரிசையில் நின்றபோதே எனக்கு ஒரு ஆறுதல். மற்றவர்களிடம் என்றால் கால் நிமிஷம்தான். இவள் எண்ணுவதை விட்டிருந்தாலும் விரல் என் கையில் பட்டால் கண்டுபிடித்துவிடுவாள். அப்படித்தான் நினைத்தேன், வெட்கமில்லாமல்.

உட்கார்ந்தேன். கையை நீட்டினேன். மூன்று விரலை வைத்தாள். குளிர்ந்த விரல். நெஞ்சில் அதே கடிகாரம். நான் செகண்டு முள்ளையே பார்த்தேன். பன்னிரண்டிலிருந்து மூன்றுக்கு வந்தது. விரலை எடுத்துவிட்டாள். எழுபத்தாறு என்று எழுதினாள். சீரானது கட்டத்தில் டிக் போட்டாள்.

"முழு நிமிஷம் எண்ணினியாடி?" என்றேன்.

அவள் என்னைப் பார்த்தாள். அன்றைக்குக் கட்டிலருகில் பார்த்த அதே பார்வை, ஒரு தடவை.

"எண்ணினேன்" என்றாள்.

பின்னால் நின்றவர்கள் நகரச் சொன்னார்கள். அட்டையை எடுத்துக்கொண்டு டாக்டர் அறைக்குப் போனேன். வார்டு டாக்டரேதான் உட்கார்ந்திருந்தார். "சார், எனக்கு நடுவுல நடுவுல விட்டுவிட்டு அடிக்குது" என்றேன். அவர் அட்டையைப் பார்த்தார், கையெழுத்தைப் பார்த்தார், முகம் மலர்ந்தது.

"'முழு நிமிஷம்' சிஸ்டரே எண்ணிப் பாத்திருக்காங்க. அப்புறம் என்ன சிஸ்டர்?" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

எண்ணவில்லை என்று சொல்லலாம். சொன்னால் அவளைக் கூப்பிட்டுக் கேட்பார்கள். அவள் நாலு பேர் நடுவில் நின்று, எண்ணினேன் என்று மறுபடி சொல்வாள். அதைக் கேட்க எனக்குத் தெம்பில்லை. வேறு ஆஸ்பத்திரிக்குப் போகலாம். போகத்தான் வேண்டும். ஒவ்வொரு வாரமும் அடுத்த வாரம் என்று வைத்திருக்கிறேன்.

ஒரு தோள் தைக்காத அந்த யூனிபாரம் அலமாரியில் இருக்கிறது. தினமும் காலையில் அதற்கு எதிரே கட்டிலில் உட்கார்ந்து எண்ணுகிறேன், முழு நிமிஷம், இரண்டு தடவை. எழுதி வைக்க அட்டை கிடையாது. இன்று காலையில் எண்பத்தொன்று. நடுவில் இரண்டு காணோம்.